கட்டம் போட்ட திரைக்கு முன்னால்

கலைஞர் புஷ்பமாலா என். உருவாக்கும் புகைப்படங்களைப் பற்றி யார் பேச ஆரம்பித்தாலும் முதல் வரி ஒன்றுதான்: "எல்லாப் படத்திலும் அவரேதான் வேஷம் போட்டுக்கொண்டு நிற்கிறார், தெரியுமா?" போட்டோ ஸ்டூடியோவில் வளர்ந்தவளுக்கு இதில் ஆச்சரியப்பட ஒன்றுமில்லை. மன்னார்குடியில் எங்கள் ஸ்டூடியோவில் ஒரு கறுப்புக் கோட்டு இருந்தது. அப்பா அதன் முதுகை நடுவில் கிழித்து நாடா வைத்துத் தைத்திருந்தார். ஒல்லியானவருக்கு இழுத்துக் கட்டுவார், பருமனானவருக்கு அப்படியே விட்டுவிடுவார். சிங்கப்பூர் போகிறவர், காலேஜ் முடித்தவர், பெண் வீட்டுக்குப் படம் அனுப்ப வேண்டியவர் என எல்லோருக்கும் அதே கோட்டுதான். கீழே வேட்டி கட்டியிருப்பார்கள். படம் இடுப்புக்கு மேலே என்பதால் பிரச்சினை இல்லை. எங்கள் தெருவில் நாலு வீட்டுக்குள் போனால் அதில் இரண்டு வீட்டுச் சுவரிலாவது அந்தக் கோட்டைப் பார்க்கலாம்.

ஆக, கேமரா முன்னால் வேஷம் கட்டுவது கலைஞர்கள் கண்டுபிடித்த விஷயம் இல்லை. ஐந்து ரூபாய்க்கும் பத்து ரூபாய்க்கும் ஊரே கட்டியிருக்கிறது. புஷ்பமாலாவிடம் எனக்குப் பிடித்தது வேறு ஒன்று. அதைச் சொல்லத்தான் இந்தப் பதிவு.

அவரைத் தெரியாதவர்களுக்குச் சுருக்கமாக. 1956இல் பெங்களூரில் பிறந்தவர். பரோடாவில் சிற்பம் படித்தவர். எண்பதுகளில் சுடுமண் சிற்பங்கள் செய்துகொண்டிருந்தார். தொண்ணூறுகளின் நடுவில் களிமண்ணை விட்டுவிட்டுத் தன் உடம்பையே எடுத்துக்கொண்டார். வேஷம் போட்டு, செட் போட்டு, தன்னைப் படம் எடுக்க வைப்பதற்கு அவர் வைத்த பெயர் 'போட்டோ பெர்ஃபாமன்ஸ்'. வீடியோவும் செய்கிறார், மேடையிலும் நிகழ்த்துகிறார். கேமராவுக்குப் பின்னால் வேறொருவர் இருப்பார். யார் என்பதைப் பெயர் போட்டுச் சொல்லிவிடுவார். இது சின்ன விஷயம் மாதிரித் தெரியும். ஆனால் கல்யாண ஆல்பத்தின் கடைசிப் பக்கத்தில் தன் பெயர் வரவேண்டும் என்று ஆசைப்பட்ட மனிதரின் மகள் நான், எனக்கு அது பெரிய விஷயம்.

முதலில் செய்தது 'ஃபேன்டம் லேடி'. 1996இலிருந்து 98க்குள் பம்பாயில் எடுத்த கறுப்பு வெள்ளைப் படவரிசை. பழைய ஸ்டண்ட் படங்களின் நாயகி 'ஃபியர்லெஸ்' நாடியாவை மனதில் வைத்து, முகமூடி போட்ட ஒரு வீராங்கனை. எல்லோரும் கொண்டாடுகிறார்கள். எனக்கு அது கொஞ்சம் விளையாட்டாகவே நின்றுவிட்டது.

அடுத்து 1998இல் வந்த 'சுனஹரே ஸப்னே'தான் என்னை நிறுத்திப் பார்க்க வைத்தது. ஒரு நடுத்தர வீட்டுப் பெண்ணும் அவளுடைய பொன்னிறக் கனவு வடிவமும். படங்கள் கறுப்பு வெள்ளையில் எடுத்துக் கையால் வண்ணம் பூசியவை. கையால் கலர் பண்ணுவது எப்படி என்று இப்போது தெரிந்தவர்கள் குறைவு. சின்னப் புத்தகம் மாதிரி ஒரு கட்டு வரும், ஒவ்வொரு தாளும் ஒரு சாயம். ஓரத்தில் ஒரு துண்டு கத்தரித்துத் தண்ணீரில் போட்டால் நிறம் இறங்கும். தீக்குச்சியில் பஞ்சைச் சுற்றி, பிரிண்டை முதலில் ஈரமாக்கி, மெதுவாக ஏற்ற வேண்டும். அவசரப்பட்டால் திட்டுத்திட்டாக நிற்கும். கன்னம், புடவைக் கரை, நகை எல்லாம் முடிந்த பிறகுதான் உதடு. உண்மையான நிறம் எது என்று யாரும் கேட்க மாட்டார்கள். "ஊதாப் புடவைதான், ஆனா பச்சையா போட்டுடுங்க, மாப்பிள்ளை வீட்டுக்குப் பச்சை பிடிக்கும்" என்பார்கள். அப்பா பச்சை போட்டுவிடுவார். முப்பது வருஷம் கழித்து அந்தப் பெண்ணே "பொண்ணு பார்க்க வந்தப்ப பச்சைப் புடவை கட்டியிருந்தேன்" என்று பேரனிடம் சொல்வதை நான் என் காதால் கேட்டிருக்கிறேன்.

நினைவு என்று நாம் சொல்வதில் எவ்வளவு ஸ்டூடியோவில் செய்தது என்று எனக்கு அப்போதிலிருந்தே சந்தேகம். இன்னொன்று சொல்கிறேன். கணவர் இறந்துபோன ஒரு அம்மா, இருவரும் சேர்ந்து நிற்கிற படம் வேண்டும் என்று வந்தார். இருந்தது ஒரு அடையாள அட்டைப் படம் மட்டும். அப்பா அதைப் பெரிதாக்கி, தலையை வெட்டி, கோட்டுப் போட்ட வேறொரு உடம்பின் மேல் ஒட்டி, ஒட்டின இடத்தைப் போஸ்டர் கலரால் மூடி, அந்த அம்மாவின் பக்கத்தில் வைத்து மறுபடி நெகட்டிவ் எடுத்தார். அந்தப் பிள்ளைகள் அப்போது ரொம்பச் சின்னவர்கள். இன்றைக்கும் அவர்களுக்கு அப்பா என்றால் கோட்டுப் போட்டவர். அந்த மனிதர் உயிரோடு இருந்தவரை தோளில் துண்டைத் தவிர எதையும் போட்டதில்லை என்று என் அம்மா சொல்வார்.

அப்புறம் தக்கர். ஜே. எச். தக்கர் பம்பாயில் 'இந்தியா போட்டோ ஸ்டூடியோ' நடத்தியவர். பழைய இந்தி நட்சத்திரங்களின் முகங்கள் நம் மனதில் எப்படிப் பதிந்திருக்கின்றனவோ, அதில் அவர் போட்ட விளக்குகளுக்குப் பெரிய பங்கு உண்டு. புஷ்பமாலா 2000க்கும் 2003க்கும் நடுவில் அவரிடம் போய், அவருடைய ஸ்டூடியோவில், அவருடைய பழைய பாணியிலேயே தன்னைப் படம் எடுக்கச் சொன்னார். நவரசங்களையும் நடித்தார். இந்துப் பெண், முகம்மதியப் பெண், கிறிஸ்தவப் பெண் என்று தனித்தனியாகவும் நின்றார்.

இந்தப் படங்களை எங்கள் தொழில்காரர்கள் பார்த்தால் முதலில் விளக்கைத்தான் பார்ப்பார்கள். முன்னால் உயரத்திலிருந்து ஒரு கடினமான லைட். மூக்குக்குக் கீழே குட்டியாக ஒரு நிழல் விழ வேண்டும், அது உதட்டைத் தொடக் கூடாது. பின்னாலிருந்து ஒன்று, கூந்தல் ஓரத்தில் வெள்ளிக்கோடு போடுவதற்கு. திரையில் தனியாக இன்னொன்று. இதைத்தான் அப்பா 'சினிமா லைட்' என்பார். தேங்காய் மண்டிக்காரர் பெண்ணைக்கூட அந்த லைட்டில் உட்கார வைத்தால் ஏதோ ஒரு படத்தில் பார்த்த முகமாகிவிடும். தக்கர் எடுத்த படங்களில் புஷ்பமாலா அழகாக இருக்கிறாரா என்றால், இருக்கிறார். ஆனால் அது அவர் அழகில்லை, அந்த லைட்டின் அழகு என்பது பார்த்துக்கொண்டே இருந்தால் புரிந்துவிடும். ஒன்பது ரசத்துக்கும் முகம் மாறுகிறது. அதைவிட அதிகமாக நிழல் மாறுகிறது.

இனி முக்கியமான வேலைக்கு வருகிறேன். 'நேட்டிவ் விமன் ஆஃப் சவுத் இந்தியா: மேனர்ஸ் அண்ட் கஸ்டம்ஸ்'. வெள்ளைக்காரத் துரை எழுதிய புத்தகத்தின் தலைப்பு மாதிரி இருக்கிறது அல்லவா, அதற்காகவே வைத்த தலைப்பு. பெங்களூரில் இருக்கும் புகைப்படக்காரர் கிளேர் ஆர்னியுடன் சேர்ந்து 2000 முதல் 2004 வரை செய்தது. இதன் மையத்தில் இருப்பவை பத்துப் 'பெண் வகைகள்'. ரவி வர்மா 1889இல் வரைந்த நிலவொளிப் பெண், காலண்டரில் நாம் கும்பிடுகிற லட்சுமி, பீஜப்பூர் ஓவியத்து யோகினி, வேளாங்கண்ணி மாதா, எழுபதுகளின் தமிழ்ப் படமொன்றில் சாட்டையோடு நிற்கும் ஜெயலலிதா, செய்தித்தாளில் வந்த, கையில் சிலேட்டைப் பிடித்து நிற்கும் திருட்டு வழக்குப் பெண்கள், பிரிட்டிஷ்காரர்கள் அளவெடுத்த பழங்குடிப் பெண். ஒவ்வொன்றும் ஏற்கெனவே இருக்கும் ஒரு படத்தைப் பார்த்து, அதன் திரை, நகை, நிற்கும் விதம் எல்லாவற்றையும் திரும்பச் செய்தது. எல்லாவற்றிலும் அதே முகம்.

இந்தப் படங்கள் இருக்கும் கண்காட்சி மலர் ஒன்றை ஓவியக் கல்லூரியில் பாடம் எடுக்கும் என் தோழி கொடுத்தாள். வீட்டில் அம்மா அதைப் புரட்டினார். லட்சுமி வந்ததும் கண்ணில் ஒற்றிக்கொண்டார். வேளாங்கண்ணி மாதாவுக்கும் அதே மரியாதை. எங்கள் பக்கத்தில் இது சகஜம். வேளாங்கண்ணி மாதா புடவை கட்டியவர், ஆகஸ்ட் கடைசியில் கொடி ஏறினால் எல்லா மதத்துக்காரர்களும் நடந்து போவார்கள். சாட்டைப் படத்தில் கொஞ்சம் நேரம் நின்றார். "முகம் அவங்க மாதிரி இல்லை. ஆனா நிக்கிறது அவங்க நிக்கிற மாதிரியே இருக்கு" என்றார். பத்திரிகைகளில் இந்தப் படங்களைப் பற்றிப் பக்கம் பக்கமாக எழுதியவர்களைவிட அம்மா சரியாகச் சொல்லிவிட்டார் என்று எனக்குத் தோன்றியது. முகத்தால் ஒருவரை அடையாளம் காண்கிறோம் என்று நினைக்கிறோம். பாதி நேரம் நிற்கிற விதமும் பின்னால் தொங்குகிற திரையும்தான் அந்த வேலையைச் செய்கின்றன.

சரி, அந்தக் கட்டம் போட்ட திரை. பழங்குடிப் பெண்ணாக நிற்கும் படத்தில் அவருக்குப் பின்னால் சதுரங்கப் பலகை மாதிரி ஒரு திரை இருக்கும். அதற்கு ஒரு சரித்திரம் உண்டு. 1869இல் லாம்ப்ரே என்பவர் ஒரு முறை சொன்னார்: மரச்சட்டத்தில் பட்டு நூலை இரண்டு அங்குலச் சதுரங்களாகக் கட்டு, அதன் முன்னால் ஆளை நிறுத்திப் படம் எடு, உலகத்தில் எந்த இனத்து உடம்பையும் எந்த இனத்து உடம்போடும் ஒப்பிடலாம். அந்தமானில் இருந்த போர்ட்மன் என்ற அதிகாரி 1890களில் அங்குள்ள மக்களைக் கட்டம் போட்ட திரைக்கு முன்னால் நிறுத்தி எடுத்த படங்கள் பிரிட்டிஷ் மியூசியத்துக்குப் போயின.

நம் ஊர்க் கதை எழும்பூரில் நடந்தது. எட்கர் தர்ஸ்டன் 1885இல் சென்னை அருங்காட்சியகத்தின் கண்காணிப்பாளராக வந்தவர். தென்னிந்தியச் சாதிகளையும் பழங்குடிகளையும் பற்றிய ஏழு தொகுதிகளை கே. ரங்காச்சாரியின் உதவியோடு 1909இல் வெளியிட்டார். இன்றைக்கும் ஆராய்ச்சிக் கட்டுரைகளில் அது மேற்கோளாக வருகிறது. அந்த வேலைக்காக மனிதர் கையில் அளவுக் கருவியோடு ஊர் ஊராகப் போய்த் தலையையும் மூக்கையும் அளந்தார். மூக்கின் அகலத்தை 100ஆல் பெருக்கி நீளத்தால் வகுத்தால் ஒரு எண் வரும். அந்த எண்ணை வைத்து யார் மேலே, யார் கீழே என்று வரிசை கட்டினார்கள். வயநாட்டில் பணியர் என்ற பழங்குடிப் பெண்கள் தன்னைப் பார்த்ததும் ஓடிவிட்டார்கள் என்று அவரே எழுதியிருக்கிறார். தங்களில் நல்ல உருவமாகப் பார்த்துப் பிடித்துப்போய், பாடம் செய்து, சென்னை மியூசியத்தில் வைத்துவிடுவார் என்று பயந்தார்களாம். அவர் இதை வேடிக்கையாகத்தான் எழுதியிருக்கிறார். படிக்கும்போது எனக்குச் சிரிப்பு வரவில்லை. அவர்கள் நினைத்ததில் என்ன தப்பு?

(நடுவில் ஒன்று. எங்கள் அப்பா இந்த மூக்குக் கணக்கையே தெரியாமல் முறியடித்தவர். நெகட்டிவில் பென்சில் வைத்தால் அந்த இடம் பிரிண்டில் வெளுக்கும். மூக்குத் தண்டில் ஊசிமுனைப் பென்சிலால் ஒரே ஒரு கோடு, எப்பேர்ப்பட்ட சப்பை மூக்கும் எடுப்பாகிவிடும். ஒரு பெரிய குடும்பத்தில் பாட்டியிலிருந்து பேத்தி வரை எல்லோருக்கும் அப்பா போட்டுக் கொடுத்த மூக்குதான். தர்ஸ்டன் அந்தப் படங்களை வைத்து அளந்திருந்தால் அவர் போட்ட வரிசையே கலைந்திருக்கும்.)

என் இன்றைய பிழைப்பு பெரும்பாலும் பாஸ்போர்ட் சைஸ் படம். 35க்கு 45 மில்லிமீட்டர், வெள்ளைப் பின்னணி, சிரிக்கக் கூடாது, முடி கண்ணை மறைக்கக் கூடாது. கம்ப்யூட்டரில் படத்தைத் திறந்தால் மென்பொருள் தானாகவே முகத்தின் மேல் கோடுகள் போடும். கண் இந்தக் கோட்டுக்கும் அந்தக் கோட்டுக்கும் நடுவில், தாடை இந்தக் கோட்டில், தலை உச்சி அந்தக் கோட்டில். புஷ்பமாலாவின் அந்தப் படத்தைப் பார்த்த பிறகு ஒரு நாள் வழக்கம்போல ஒரு பாட்டியின் முகத்தை அந்தக் கோடுகளுக்குள் நகர்த்திக்கொண்டிருந்தேன். ஹஜ் போகிறவர். வாயை மூடினால்கூட சிரிப்பது போலவே இருக்கிற முகம். அதற்கு முன்னால் வேறொரு கடையில் எடுத்துக் கொடுத்த படத்தை, சிரிக்கிறார் என்று சொல்லித் திருப்பி அனுப்பியிருந்தார்கள். "கோபமா இருங்க பாட்டி" என்றேன். "யார் மேலடா கண்ணு?" என்றார். பதில் சொல்லத் தெரியவில்லை. லாம்ப்ரேயின் நூல் சட்டம் எங்கேயும் போய்விடவில்லை, என் கடை கம்ப்யூட்டருக்குள்தான் இருக்கிறது.

இதுதான் அந்தப் பத்துப் படங்களில் எனக்குப் பட்ட விஷயம். எங்கள் கோட்டைப் போட்டுக்கொண்டவர்கள் தாங்களாக வந்தவர்கள். காசு கொடுத்தார்கள், சீப்பால் தலையை வாரினார்கள், பவுடர் போட்டுக்கொண்டார்கள், "இன்னும் கொஞ்சம் கலரா தெரியற மாதிரி" என்று சொல்லிவிட்டு உட்கார்ந்தார்கள். பொய்தான், ஆனால் அவர்களே கேட்டு வாங்கிய பொய். கட்டத்துக்கு முன்னால் நின்றவளும் சிலேட்டைப் பிடித்தவளும் யாரிடமும் எதையும் கேட்கவில்லை. நிற்க வைத்தார்கள், நின்றார்கள். இந்த இரண்டு வகைப் படங்களையும் நாம் ஒன்றாக வைத்துப் பார்ப்பதே இல்லை. ஒன்று பூஜையறையிலும் சினிமா பத்திரிகையிலும் இருக்கும், இன்னொன்று மியூசியத்திலும் போலீஸ் ஸ்டேஷனிலும் இருக்கும். புஷ்பமாலா தன் ஒரே உடம்பை வைத்து இரண்டையும் ஒரே வரிசையில் நிறுத்திவிட்டார். லட்சுமிக்கும் திருட்டு வழக்குப் பெண்ணுக்கும் ஒரே முகம் என்று பார்த்ததும் ஒரு கேள்வி தானாக வருகிறது: அப்படியானால் ஒருத்தியை லட்சுமி ஆக்கியதும் இன்னொருத்தியைத் திருடி ஆக்கியதும் எது? தாமரையும் சிலேட்டும்தானா?

திரையைத் திரை என்று தெரியும்படி விட்டிருப்பதும் எனக்குப் பிடித்தது. அப்பாவாக இருந்தால் மறைத்திருப்பார். எங்கள் தொழிலின் பாதித் திறமையே மறைப்பதில்தான். நாடகத்துக்குச் சீன் வரைகிறவர்தான் எங்களுக்கும் திரை வரைந்து கொடுப்பார், பின்னால் மாடிப்படி, தூண், ஒரு ஏரி, ஏரியில் அன்னம். அதன் மடிப்பு படத்தில் தெரிந்துவிட்டால் அப்பாவுக்கு அன்றைக்குச் சோறு இறங்காது. புஷ்பமாலா இன்னும் ஒரு படி போய், மேக்கப் போடுவது, செட் கட்டுவது இதையெல்லாம் படம் எடுத்து, அதையும் இந்த வேலையின் ஒரு பகுதியாகவே வைத்திருக்கிறார். எங்கள் ஸ்டூடியோவில் அப்படி யாரும் எதையும் எடுத்து வைக்கவில்லை. நாடாவோடு அந்தக் கோட்டின் முதுகை யாராவது படம் எடுத்திருக்கலாம்.

2019இல் சென்னை போட்டோ பியனாலேவை, அதாவது இரண்டு வருஷத்துக்கு ஒரு முறை நடக்கும் புகைப்படக் கண்காட்சியை, வடிவமைத்தவரும் அவர்தான். கண்ணாடிக்குள் சிறைப்பட்டு நம்மைப் போலவே அசைந்துகொண்டிருக்கும் உயிர்களைப் பற்றிய ஒரு சீனக் கதையிலிருந்து தலைப்பு வைத்திருந்தார்கள். கடற்கரையில் சென்னைப் பல்கலைக்கழகத்தின் செனட் ஹவுஸில் படங்கள் இருந்தன. போயிருந்தேன். கட்டிடத்தை அண்ணாந்து பார்ப்பதிலேயே பாதி நேரம் போய்விட்டது, அதை ஒப்புக்கொள்ள வேண்டும்.

தோழிக்கும் எனக்கும் சண்டை அந்தப் பழங்குடிப் பெண் படத்தில்தான். அதன் பெயர் 'தோடா'. தோழி கேட்பது இது: லட்சுமி வந்து ஆட்சேபிக்கப் போவதில்லை. நடிகைக்கு ரசிகர்கள் இருக்கிறார்கள், அவர்கள் பார்த்துக்கொள்வார்கள். நீலகிரியில் இருக்கிற தோடர் பெண்ணை அன்றைக்கு வெள்ளைக்காரன் கேட்காமல் நிறுத்தினான், இன்றைக்கு பெங்களூரில் படித்த ஒரு பெண்மணி கேட்காமல் அவள் வேஷத்தைப் போட்டுக்கொண்டார். இரண்டு தடவையும் அவளிடம் யாரும் பேசவில்லையே?

நான் சொல்வது: அவர் போட்டுக்கொண்டது தோடர் பெண்ணின் வேஷத்தை இல்லை, அந்தப் படத்தை. கிண்டல் முழுக்க கட்டத்தின் மேல், அவள் மேல் இல்லை. தோழி விடவில்லை. "கிண்டல் அளந்தவன் மேலன்னா, அளந்தவன் வேஷத்தைத்தானே போட்டிருக்கணும்?"

நியாயமான கேள்விதான். ஆனால் அதற்கு ஒரு பதில் பத்து வருஷம் கழித்து வந்தது. 2014 கொச்சி பியனாலேவில் புஷ்பமாலா வாஸ்கோடகாமாவாக நின்றார். போர்த்துகீசிய ஓவியர் வெலோசோ சல்காடோ 1898இல், காமா இந்தியாவுக்கு வந்த பயணத்தின் 400ஆவது ஆண்டையொட்டி வரைந்த பெரிய ஓவியம், கோழிக்கோட்டு மன்னர் சாமூத்திரியின் அரசவையில் காமா கம்பீரமாக நிற்பது. உண்மையில் காமா கொண்டுபோன துணியையும் தொப்பியையும் சர்க்கரையையும் தேனையும் பார்த்து அரசரின் ஆட்கள் சிரித்தார்கள் என்பது சரித்திரம், ஓவியத்தில் அந்தச் சிரிப்பு இல்லை. தாடி வைத்து அந்த ஆளின் உடுப்பைப் போட்டுக்கொண்டு அதே இடத்தில் புஷ்பமாலா நின்றபோது அந்தச் சிரிப்பு அரசவைக்குள் வந்துவிட்டது. எனக்கு அவருடைய வேலைகளிலேயே ரொம்பப் பிடித்தது இதுதான், தக்கர் படங்களைவிடக்கூட.

தோழியிடம் சொன்னேன். "காமா வேஷம் போட்டது நல்லது. அதனால தோடா படத்துக்கு மன்னிப்பு கிடைச்சிடாது, அது வேற கணக்கு" என்றாள். அடுத்த மாதம் தன் மாணவர்களுக்கு தர்ஸ்டன் தொகுதியில் இருக்கும் ஒரு தோடர் படத்தையும் புஷ்பமாலாவின் படத்தையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துக் காட்டப் போகிறாளாம். நானும் வரவேண்டும் என்று கூப்பிட்டிருக்கிறாள். லைட் பற்றி மட்டும் பேசினால் போதும், மற்றதை அவள் பார்த்துக்கொள்வாளாம். லைட் பற்றி மட்டும் பேசிவிட்டு வருகிற ஆள் நான் இல்லை என்பது அவளுக்கே தெரியும்.